நீ கொடுத்த சிவப்பு

டஸ்டர் பிரிந்துவிட்டது. நேற்று மாலை ட்யூஷனுக்கு வரும் பிள்ளைகளில் ஒருத்தி அதைச் சுவரில் ஓங்கி ஓங்கித் தட்டினாள். ஓரத்துத் தையல் விட்டு, உள்ளே இருந்த பஞ்சு பிதுங்கி வெளியே வந்தது. பயந்துபோய் மேஜைமேல் கொண்டுவந்து வைத்தாள். "போவுது விடு, அதுக்கும் வயசாயிடுச்சு" என்றேன். எல்லோரும் போன பிறகு எடுத்து முகர்ந்து பார்த்தேன். சாக்பீஸ் தூளின் வாசனைக்கு அடியில், இத்தனை வருஷம் கழித்தும், தோல் வாசனை இருந்தது. ஷூ கம்பெனி விட்டதும் நேராக என் வீட்டுக்கு வருவாயே, நீ வாசலில் செருப்பைக் கழற்றும்போதே உள்ளே எனக்குத் தெரிந்துவிடுமே, அந்த வாசனை.

நீ தைத்துக் கொடுத்தது இது. பள்ளிக்கூடத்தில் தரும் துணி டஸ்டர் நாலு நாளில் நைந்துபோகிறது என்று நான் புலம்பியதைக் கேட்டு, கழிவுத் துண்டுகளில் இரண்டைப் பொறுக்கி, சொரசொரப்பான பக்கம் வெளியே இருக்கும்படி வைத்துத் தைத்து எடுத்து வந்தாய். "ரெண்டு பக்கமும் ஒரே தோலு. ஜோடி பாத்துதான் வெச்சேன்" என்றாய். எழுதியதை அழிக்கிற டஸ்டருக்கு எதற்கடி ஜோடி என்று கேட்டேன். "கை சும்மா இருக்க மாட்டேங்குது" என்றாய். கம்பெனியில் உன் வேலையே அதுதானே. இடது காலுக்கும் வலது காலுக்கும் வெட்டி வந்த தோல்களை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, நிறமும் ரேகையும் ஒத்துப்போகிற இரண்டை ஒன்றாகக் கட்டி வைப்பாய்.

நீ போய் வருஷம் திரும்பப் போகிறது. இன்று காலை உன் மகள் அமுதா வந்திருந்தாள். அவள் கேட்ட ஒரு கேள்வியால்தான் இதை எழுத உட்கார்ந்தேன். ஆனால் என் பழக்கம் உனக்குத் தெரியும். எதையும் ஆரம்பத்திலிருந்து சொன்னால்தான் எனக்குச் சொன்னது போல இருக்கும்.

ஆம்பூரில் பள்ளி இறுதி வரை நாம் ஒரே பெஞ்சு. அதற்குப் பிறகு நான் டீச்சர் ட்ரெய்னிங் போனேன், நீ ஷூ கம்பெனிக்குப் போனாய். நான் படிப்பை முடித்து வந்த வருஷம் உனக்குக் கல்யாணம் பேசினார்கள். மாப்பிள்ளை உன் அம்மாவின் கடைசித் தம்பி, டேனரியில் தோலை ஊறவைத்துச் சுழற்றுகிற டிரம்மை ஓட்டுகிறவர். பிறந்ததிலிருந்து அவரை மாமா என்றுதான் கூப்பிட்டாய், தாலி கட்டிய பிறகும் அதே மாமாதான். நான் அப்போதுதான் மரபியல் பாடமெல்லாம் படித்துவிட்டு வந்திருந்தேன். நெருங்கின சொந்தத்தில் கட்டினால் பிள்ளைகளுக்குச் சில நோய்கள் வர வாய்ப்பு அதிகம் என்று உன்னிடம் சொன்னேன். நீ சிரித்தாய். "போடி டீச்சரு. அசல்ல கட்டிக்கினா மாமியார்க்காரி எப்படி இருப்பாளோ இன்னாவோ. இங்க எங்க அம்மாவைப் பெத்த ஆயாவே மாமியாரு. யார் யாரைக் கொடுமை பண்றதுன்னு நாங்களே பேசிக்கலாம்."

சேகர் பிறந்தான், கொழுகொழுவென்று வளர்ந்தான். "எங்க உன் பாடம்?" என்று அவனைத் தூக்கிவந்து என் மடியில் போட்டாய். அடுத்து அமுதா. அவளுக்குப் பிறகு போதும் என்று குடும்பக் கட்டுப்பாடு ஆபரேஷன் செய்துகொண்டாய். அமுதா தவழும் வயதில் வெளுக்க ஆரம்பித்தாள். பால் குடிக்கவே மூச்சு வாங்கியது. தலசீமியா என்றார்கள். உடம்பு நல்ல ரத்தம் ஊற வைக்காது, மாதாமாதம் ஏற்றிக்கொண்டே இருக்க வேண்டும்.

நம் ஊர் டாக்டர் ஒருவர் முதலில் இதைச் சொன்ன நாள் எனக்கு நினைவிருக்கிறது. பெஞ்சு நிறைய ஆட்கள் உட்கார்ந்திருக்க, கதவைக்கூடச் சாத்தாமல், "மாமனைக் கட்டிக்கிட்டா இப்படித்தான் பொறக்கும், இப்போ அழுது என்ன பிரயோஜனம்?" என்றாராம். என் வீட்டு வாசலில் வந்து நின்றாய். உள்ளே வரவில்லை. "நாந்தான் அவளுக்கு இதைக் குடுத்தேனாம்" என்றாய். நீ பாதி, மாமா பாதி, இரண்டு பாதியும் சேர்ந்ததால் வந்தது என்று எடுத்துச் சொன்னேன். அது பாடமாகச் சரி. அன்று உனக்கு அதனால் ஆனது ஒன்றுமில்லை.

அப்புறம் மாதாமாதம் வேலூர் பெரிய ஆஸ்பத்திரி. பஸ்ஸில் ஜன்னலோரம் அமுதாவை உட்கார வைத்துக்கொண்டு, பாலாற்றின் மணலைக் காட்டிக்கொண்டே போவோம். போகும்போது உன் தோளில் துவண்டு கிடப்பாள், வரும்போது கன்னத்தில் நிறம் ஏறி, கண்டக்டரிடம் வாயாடுவாள். அந்தப் பூரிப்பு மூன்று வாரம். பிறகு மறுபடி வெளுக்கும். வருஷங்கள் போகப்போக வயிறு பெரிதாகிக்கொண்டு வந்தது. ஏற்றுகிற ரத்தத்தில் இருக்கும் இரும்பு உள்ளே தங்கி ஈரலையும் இதயத்தையும் கெடுக்கும் என்று அங்கே இருந்த டாக்டரம்மா சொன்னார். எண்பதுகளின் கடைசியில் அவர்தான் முதலில் மஜ்ஜை மாற்றுவதைப் பற்றி உன்னிடம் பேசினார். நம் பக்கத்தில் அது அப்போதுதான் ஆரம்பித்திருந்த வைத்தியம்.

நீ என்னிடம் ஓடிவந்தாய். "மஜ்ஜைன்னா இன்னாடி? எலும்பை மாத்துவாங்களா?" பாலாற்றில் தண்ணீர் எடுப்பதை வைத்துச் சொன்னேன். இப்போது செய்வது எங்கிருந்தோ குடத்தில் கொண்டுவந்து ஊற்றுவது, தீர்ந்தால் மறுபடி குடத்தைத் தூக்க வேண்டும். மஜ்ஜைதான் ரத்தம் ஊறுகிற இடம். அதை மாற்றினால் மணலில் புதிதாக ஊற்றுத் தோண்டின மாதிரி, தானாகவே சுரக்கும். ஆனால் வேறொருவர் ஊற்றை இந்த உடம்பு ஏற்க வேண்டும், அந்த ஊற்றும் இந்த உடம்பை எதிரியாக நினைக்கக் கூடாது. அதற்குப் பொருத்தம் பார்ப்பார்கள். ஒவ்வொருவர் உடம்பின் அணுக்களிலும் தனக்கென்று சில அடையாளங்கள் உண்டு, அவை ஒத்துப்போக வேண்டும். கூடப் பிறந்தவர்களிடம் கிடைக்க வாய்ப்பு அதிகம், நாலில் ஒரு பங்கு.

"ரெண்டும் என் வயித்துல வந்ததுதான? ஒரே தோல்ல வெட்டினா ஜோடி சேராம போவுமா?" என்றாய். அவ்வளவு நிச்சயமாக இருந்தாய்.

சேகர் புதுச் சட்டை போட்டுக்கொண்டு வந்து கையை நீட்டினான். ஊசி ஏறும்போது முகத்தைக்கூடத் திருப்பவில்லை. அவனுடைய வெள்ளை அணுக்களைப் பிரித்து, சின்னச் சின்னக் குழிகள் உள்ள தட்டில் துளித்துளியாக விட்டு, ஒவ்வொன்றிலும் வேறு வேறு சீரம் சேர்த்து, எது சாகிறது எது பிழைக்கிறது என்று மைக்ராஸ்கோப்பில் பார்த்தார்கள். அமுதாவுடையதோடு பாதிதான் ஒத்துப்போயிற்று. பாதி போதாது. டாக்டரம்மா சொல்லி முடித்ததும் சேகர் என் புடவையை இழுத்து, "டீச்சர், நான் ஃபெயிலா?" என்று கேட்டான். இல்லைடா கண்ணு, இது பரீட்சை இல்லை என்றேன். வீடு வரும் வரை அவன் நம்பவில்லை. நீ ஜன்னல் பக்கம் திரும்பியே வந்தாய்.

அத்தோடு முடிந்தது என்றுதான் நினைத்தோம். இனி வேறு பிள்ளையும் இல்லை. அப்பா அம்மா பிள்ளைக்குப் பாதிதான் பொருந்துவார்கள் என்பது பொது விதி. அந்தச் சோதனையும் அப்போது நினைத்தால் எல்லோருக்கும் செய்துவிடக்கூடியதாக இல்லை. பழையபடி ரத்தம் ஏற்றிக்கொண்டே போகலாம், போகிற வரை போகட்டும் என்பது போலாகிவிட்டது.

ஒரு சனிக்கிழமை. அமுதாவுக்கு ரத்தம் ஏறிக்கொண்டிருந்தது. நானும் கூட வந்திருந்தேன். மாமா டேனரி ஷிப்டு முடிந்து, எலுமிச்சம்பழம் போட்டுக் கையைத் தேய்த்துக் கழுவிக்கொண்டு, தூக்குப் பாத்திரத்தோடு வந்து சேர்ந்தார். டாக்டரம்மா வார்டைச் சுற்றி வந்தவர் அவரைப் பார்த்து, "என்ன, இன்னிக்குப் பாட்டி வரலையா?" என்று கேட்டார். சாப்பாடு கொண்டுவருவது வழக்கமாக உன் அம்மாதான்.

"எங்க அக்காவுக்கு முட்டி வலிங்க. பஸ் ஏற முடியல" என்றார் மாமா.

"உங்க அக்காவைக் கேக்கலைப்பா. அமுதாவோட பாட்டி. உங்க மாமியார்."

"அவங்கதாங்க. எங்க அக்கா."

டாக்டரம்மா ஸ்டெதஸ்கோப்பைக் கழுத்திலிருந்து எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார். "கூடப் பிறந்த அக்காவா?"

"ஆமாங்க, ஒரே வயிறு. அக்கா பொண்ணைத்தான கட்டிக்கினு இருக்கேன்" என்றார் மாமா, ஊருக்கே தெரிந்த விஷயத்தை எதற்குக் கேட்கிறார் என்ற முகத்தோடு.

டாக்டரம்மா உன் பக்கம் திரும்பினார். நீ அமுதாவின் காலில் போர்வையை இழுத்து இழுத்துச் சரி செய்துகொண்டிருந்தாய். அது ஏற்கெனவே சரியாகத்தான் இருந்தது. வேலூருக்கு முதல் தடவை போனபோதே அவர் உன்னிடம் சொந்தத்தில் கல்யாணமா என்று கேட்டிருக்கிறார். "சொந்தமெல்லாம் இல்லீங்க, அசலு" என்று சொல்லியிருக்கிறாய். நான் உடன் வராத நாள் அது. எனக்கே அன்றுதான் தெரியும்.

"ஏம்மா சொல்லல?"

"திட்டுவீங்கன்னுதாங்க" என்றாய். "ஊர்ல ஒருத்தரு திட்டினாரு. எல்லாரும் பாத்தாங்க."

அவர் திட்டவில்லை. கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து, உன் கையைப் போர்வையிலிருந்து எடுத்து வைத்தார். "நீ செஞ்சதைத் திட்ட நான் யாரும்மா. சொல்லாம விட்டதுக்கு வேணும்னா திட்டறேன். ரெண்டு குடும்பமா இருந்தா அப்பா அம்மாவைப் பாக்க மாட்டோம். உங்களுது ஒரே குடும்பம். உங்க ரெண்டு பேர்கிட்டயும் ஒரே சாமான் இருக்கலாம். நாளைக்கே ரெண்டு பேரும் ரத்தம் குடுங்க."

வெளியே வராந்தாவில் மாமா உன்னைக் கேட்டார், "இன்னாத்துக்கு அசலுன்னு சொன்ன? நான் இன்னா அவ்ளோ கேவலமா?" நீ அழுதுகொண்டே சிரித்தாய். "உன்னைக் காப்பாத்தறதுக்குத்தான் மாமா சொன்னேன்."

தட்டில் வைத்துப் பார்த்ததில் உன்னுடையது பாதிதான் சேர்ந்தது, மாமாவின் அடையாளங்கள் அமுதாவுடையதோடு முழுக்க ஒத்துப்போயின. ஆனால் அது மட்டும் போதாது. இருவரின் அணுக்களையும் ஒரே கிண்ணத்தில் போட்டு, ஒரு வாரம் கதகதப்பில் வைத்திருப்பார்கள். அன்னியம் என்று தோன்றினால் ஒன்றை ஒன்று தாக்கப் பெருகும், தன்னைப் போல என்று தோன்றினால் சும்மா இருக்கும். அந்த ஒரு வாரம் தினமும் வேலை விட்டு என் வீட்டுக்கு வந்தாய்.

"இந்நேரம் அங்க இன்னா பண்ணிக்கினு இருக்கும் ரெண்டும்?"

"ஒண்ணா இருக்கும். சண்டை போடாம இருக்கான்னு பாக்கறாங்க."

"வீட்ல தெனம் சண்டைதாண்டி ரெண்டுக்கும், ரேடியோவுக்கு." கொஞ்ச நேரம் கழித்து, "எங்க கல்யாணத்துக்கே பொருத்தம் பாக்கல, தெரியுமா? சொந்தத்துக்கு எதுக்கு ஜாதகம்னு விட்டுட்டாங்க. இப்போ ஆஸ்பத்திரில பாக்கறாங்க" என்றாய். பிறகு சந்தேகம்: "அவரு ஓ குரூப்பு. இவ என்னை மாதிரி பி குரூப்பு. அப்புறம் எப்படி சேரும்?" ரத்த குரூப் சட்டையின் நிறம் மாதிரி, மாறினாலும் பரவாயில்லை, நாம் பார்ப்பது சட்டைக்குள் இருக்கிற ஆளை என்றேன். எத்தனை உதாரணம் சொன்னேனோ அந்த வாரம்! நீ கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும், நான் சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும் என்பது தவிர நமக்கு அப்போது செய்ய வேறு ஒன்றும் இருக்கவில்லை.

கிண்ணத்தில் சண்டை இல்லை. டாக்டரம்மாவே வாசல் வரை வந்து சொன்னார்.

அன்றுதான் அமுதாவின் பலகையை வாங்கி, என் கைப்பையில் எப்போதும் கிடக்கும் கலர் சாக்பீஸ் துண்டுகளை எடுத்தேன். ஒவ்வொருவருக்கும் இரண்டு நிறம், அம்மாவிடமிருந்து ஒன்று, அப்பாவிடமிருந்து ஒன்று. மாமாவுக்குச் சிவப்பும் மஞ்சளும் போட்டேன். அவர் அக்காவிடமும், அதாவது உன் அம்மாவிடமும், அதே வீட்டுச் சிவப்பு உண்டு, அதை உன் அம்மா உனக்குக் கொடுத்தார். உன் அப்பா நீலம் கொடுத்தார். ஆக உன்னிடம் சிவப்பும் நீலமும். மாமா அமுதாவுக்கு மஞ்சளைக் கொடுத்தார், நீ சிவப்பைக் கொடுத்தாய். அவளிடம் சிவப்பும் மஞ்சளும். மாமாவிடமும் சிவப்பும் மஞ்சளும்.

நீ வெகுநேரம் அந்தப் பலகையைப் பார்த்தாய். கம்பெனியில் தோலைப் பார்ப்பது போல வெளிச்சத்தின் பக்கம் சாய்த்துப் பார்த்தாய்.

"இந்தச் சிவப்பு அவருதா, என்னுதா?"

"அவர்கிட்டயும் இருக்கு. ஆனா இவளுக்கு வந்தது உன்கிட்டேர்ந்து. நீ நீலத்தைக் குடுத்திருந்தா இவருது பொருந்தியிருக்காது."

"நான் குடுத்ததா?"

"நீ குடுத்ததுதான்."

முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு அழுதாய். அமுதா பயந்துபோய், "அம்மா, டீச்சரம்மா அடிச்சாங்களா?" என்று கேட்டாள். அவள் பிறந்ததிலிருந்து நீ அவளுக்குக் கொடுத்தது ஒரு நோய் மட்டும்தான் என்று நினைத்துக்கொண்டிருந்தாய். எத்தனை வருஷம் அதைச் சுமந்திருக்கிறாய் என்பது எனக்கு அந்த அழுகையைப் பார்த்த பிறகுதான் புரிந்தது.

அதற்குப் பிறகு நடந்தது உனக்குத் தெரியும், எனக்குப் பாதிதான் தெரியும். கண்ணாடிக்கு இந்தப் பக்கம்தான் நான் நின்றேன். மருந்து கொடுத்து அவளுடைய பழைய மஜ்ஜையை ஒழித்தார்கள். தலைமுடி கொட்டியது, வாயெல்லாம் புண். டிரம்முக்குள் இறங்கிக் கழுவுகிற மாமாவுக்கு ஊசி என்றால் நடுக்கம். மயக்கம் கொடுத்து இடுப்பெலும்பிலிருந்து மஜ்ஜையை உறிஞ்சி எடுத்தார்கள். இடுப்பைப் பிடித்துக்கொண்டு தாங்கித் தாங்கி வந்து கண்ணாடி வழியாகப் பார்த்தார். ஒரு பையில் கருஞ்சிவப்பாக, சொட்டுச் சொட்டாக இறங்கிக்கொண்டிருந்தது. "இவ்ளோதானா? எப்பவும் ரத்தம் ஏத்தற மாதிரியே கீதே" என்று அவருக்கு ஏமாற்றம். பிறகு காய்ச்சல், பயம், ஒரு நாள் நல்ல செய்தி, மறுநாள் இல்லை. அமுதா உள்ளேயிருந்து ஆற்காட்டு மக்கன் பேடா வேண்டும் என்று சைகை காட்டுவாள். வெளிச் சாப்பாடு ஆகாது என்று நீ தலையை ஆட்டுவாய். அவள் முறைப்பாள். முறைக்கத் தெம்பு வந்துவிட்டது என்று நீ எனக்குக் கண்ணைக் காட்டுவாய்.

ஊற்றுப் பிடித்தது. மாதாமாதம் போன பஸ்ஸில் ஒரு மாதம் போகவில்லை, அடுத்த மாதமும் ரத்தத்துக்காகப் போகவில்லை. பின்னொரு நாள் அவளைப் பரிசோதனைக்குக் கூட்டிப் போய் வந்து, "என் குரூப்பு போச்சுடி. இப்போ அவளும் ஓ குரூப்பாம். அப்பனும் பொண்ணும் ஒரு கட்சி" என்று முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டாய். விளையாட்டுக்குத்தான் என்றாலும் அதில் கொஞ்சம் நிஜமும் இருந்தது.

அந்த வருஷம் மரபியல் பாடம் வந்தபோது எனக்குத் தடுமாற்றம். வகுப்பில் என்ன சொல்வது என்று உன்னையே கேட்டேன். வெங்காயம் நறுக்கிக்கொண்டே சொன்னாய்: "சொல்லு. சொந்தத்துல கட்டிக்காதீங்கன்னே சொல்லு. எம் பொண்ணு பட்டது ஜாஸ்தி. ஆனா கட்டிக்கினவளைத் திட்டாத. திட்டினா அவ மறைச்சுடுவா." ஓய்வு பெறும் வரை அப்படித்தான் நடத்தினேன். "எங்க வீட்ல மாமாவுக்குத்தான் குடுக்கப் போறாங்க டீச்சர்" என்று எழுந்து நிற்கிற பெண்ணைப் பார்த்து மற்றவர்கள் சிரிக்க ஒருநாளும் விட்டதில்லை. அவளையும் அவள் அம்மாவையும் கூப்பிட்டு, கல்யாணத்துக்கு முன் என்ன சோதனை செய்ய வேண்டும் என்று பொறுமையாகச் சொல்வேன். சிலர் கேட்டார்கள், சிலர் கேட்கவில்லை. யாரும் என்னிடம் மறைக்கவில்லை.

மாமா முன்னால் போனார். பிறகு நீ.

இன்று காலை அமுதா வந்து, பிரிந்த டஸ்டரைக் கையில் எடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஷூ கம்பெனி ஆபீசில்தான் வேலை பார்க்கிறாள். புது அடையாள அட்டைக்கு ரத்த குரூப் கேட்டார்களாம், ஓ என்று சொல்லியிருக்கிறாள். சொல்லிவிட்டு வந்ததிலிருந்து மனசு சரியில்லையாம்.

"டீச்சரம்மா, ஒடம்புல ஓடறதெல்லாம் அப்பாவோடது. அம்மா குரூப்பு அழிஞ்சே போய்டுச்சு. அம்மாவும் இல்ல. அம்மாவோடதுன்னு எங்கிட்ட இன்னா இருக்கு?"

உன் கண், உன் மூக்கு, உன் வாய்த்துடுக்கு எல்லாம் இருக்கிறது என்று சொல்லியிருக்கலாம். உன் மகளுக்கு அதெல்லாம் போதாது. எழுந்து போய், ட்யூஷன் பலகையில் நேற்றைய கணக்குக்குப் பக்கத்தில் இருந்த காலி இடத்தில், கலர் சாக்பீஸ் எடுத்து வரைந்து, அவளுக்குச் சொன்னேன்: சிவப்பும் மஞ்சளும் உன் அப்பா. சிவப்பும் நீலமும் உன் அம்மா. இது நீ. இந்தச் சிவப்பு அம்மா கொடுத்தது. அப்பாவுடையது உனக்குள் நிலைத்ததே இது முதலில் இருந்ததால்தான். ரத்தம் மாறினாலும், உன் தோலிலும் எலும்பிலும் அது இன்னும் இருக்கிறது.

தலையை ஒரு பக்கம் சாய்த்து, வெளிச்சத்தைப் பார்த்து நின்றுகொண்டு, வெகுநேரம் பார்த்தாள். அப்படியே நீ. ஒரு விரலால் சிவப்பைத் தொட்டுப் பார்த்துவிட்டு, விரலைத் துடைத்துக்கொள்ளாமலேயே கிளம்பிப் போனாள்.

பிள்ளைகள் வரும் நேரமாகிவிட்டது. பலகையை அழிக்கச் சொல்லிக் கேட்பார்கள். டஸ்டர் பிரிந்திருக்கிறது, தைக்கக் கொடுக்க வேண்டும், அதற்கு ஒன்றும் அவசரமில்லை. இன்றைக்குக் கணக்கை நோட்டிலேயே போட்டுக்கொள்ளட்டும்.